தீக்கண்ணு

தீகன் மக்ஸீமவிச் லபூதின் என்று
தாளில் தட்டச்சு செய்திருந்தது.
நடவுக்குப் போய்வந்த வாய்களில் அது நிற்கவில்லை.
இரண்டாவது ரீலுக்குள்
தீக்கண்ணு ஆகிவிட்டார்.

எழுபத்து நாலு. தை அறுப்பு முடிந்த கையோடு
களப்பாலுக்குத் தெற்கே ஒரு களத்தில்
இரண்டு எட்டு முழ வேட்டியை ஒட்டித் தைத்துத்
திரை கட்டினோம்.
வசனம் சொல்ல வேண்டிய உத்திராபதியை
அந்திக்கே மன்னார்குடி ஸ்டேஷனுக்குக் கொண்டுபோய்விட்டார்கள்.
சங்கத்தில் படிக்கத் தெரிந்த அடுத்த ஆள் நான்.
ருஷ்யச் சத்தத்தை முழுக்கக் குறைத்துவிட்டு
மைக்கை என் கையில் திணித்தார்கள்.
அன்றிலிருந்து ஒன்பது வருஷம்
அந்த ஆறடி ஆம்பிளைக்குப்
பவுனாம்பாள் தொண்டை.

அவர் கதை வழவழப்பான ஒரு பத்திரிகையில் வந்தது.
(மற்ற பக்கங்களைத் தம்பி
பூகோளப் புத்தகத்துக்கு அட்டை போட்டுவிட்டான்.)
வோல்கா கரையில் சரத்தோவ்.
படகுக்குக் கீல் பூசுகிறவர் மகன்.
நாடகக் கொட்டகையில் ஏழு வருஷம்
இடப்பக்கம் மூன்றாவது சிப்பாய்.
எட்டாம் வருஷம் ஒரு வரி கொடுத்தார்கள்:
"குதிரை தயார்."
அதற்கு மூன்று மாதம் ஒத்திகை பார்த்தாராம்.
பிறகு சண்டை.
காயம்பட்டவர்களை ஏற்றிப்போகும் ரயிலில்
படுக்கைகளுக்கு நடுவே நடித்தார்.
பனி அவர் இடக்கையில்
இரண்டு விரலை எடுத்துக்கொண்டது.

அதனால்தான் எல்லாப் படத்திலும்
அந்தக் கை கோட்டுப் பையிலேயே இருந்தது.
எங்கள் பையன்கள் ஸ்டைல் என்று நினைத்தார்கள்.
வேட்டியில் பை ஏது?
இடக்கையை மடியில் செருகிக்கொண்டு வரப்பில் நடந்து
வாய்க்காலில் விழுந்தவர்கள் இரண்டு பேர்.

ஏழு படம். ஐந்தில் சாவு.
சமோவாரை டீக்கெண்டி என்றேன்.
ஜமீன் ஆளைக் காரியஸ்தர் என்றேன்.
சுதந்திரத்தைப் பற்றி நீளமாக எழுதியிருந்த இடத்தில்
மரக்கால் கணக்கில் கூலி கேட்டேன்.
தீக்கண்ணு வாயசைத்தார்.
சென்னையிலிருந்து தாள் அனுப்பியவர்களுக்கு
இது தெரியாது.

பாமணி ஆற்றோரம் ஒரு ஊர்.
தூக்குமேடையில் அவர் ஏறும்போது
மிராசுதார் ஆள் ஜெனரேட்டர் வயரை அறுத்தான்.
இருட்டு. மைக்கும் செத்துவிட்டது.
வேட்டி மட்டும் கொஞ்சம் வெளுப்பாகத் தெரிந்தது.
"அப்பறம்?" என்றது ஒரு பொம்பிளைக் குரல்.
வெறுந்தொண்டையில் ஆரம்பித்தேன்.
கயிற்றை அவிழ்த்தேன்,
ஆற்றில் இறக்கினேன்,
அவர் அப்பன் கீல் பூசிய படகு
அங்கே கட்டிக் கிடந்ததாகச் சொன்னேன்.
அக்கரை சேர்ந்ததும்
சனம் பாயைச் சுருட்டிக்கொண்டு கிளம்பிவிட்டது.
அந்த ஊரில் மட்டும் அவருக்குச் சாவு இல்லை.

தொண்ணூற்று மூன்றில்
நெல் கொள்முதல் விலைக்குக் கீழே நாலு வரிச் செய்தி.
தேசம் பேர் மாறியபின்
கொட்டகையைச் சூடாக்கக் காசில்லையாம்.
கோட்டைக் கழற்றாமல் உட்கார்ந்த
பதினெட்டுப் பேருக்கு முன்னால் நடித்துவிட்டு
வீட்டுக்குப் போய்ப் படுத்தவர்.
உத்திராபதியிடம் காட்டினேன்.
"நீ ஒரு வாரம் பேசாதே" என்றார்.
விளையாட்டாகத்தான் சொன்னார்.
மூன்று நாள் இருந்து பார்த்தேன்,
பால்காரனோடு சண்டை வந்துவிட்டது.

போன மாசம் போனில் தேடினேன்,
அவர் பேரை மூன்று விதமாக எழுத்துக்கூட்டி.
கிடைத்தது ஒரு படம், சத்தத்தோடு.
மெல்லிசுக் குரல். கொஞ்சம் மூக்கால் பேசுகிறார்.
ஆறு அகலத்துக்கு நான் கொடுத்த கட்டைக்குரல்
அவருக்கு எங்குமே பொருந்தவில்லை.
வைக்கோல் போரில் சாய்ந்து சாகிற இடம் வந்தது.
மூன்றே வார்த்தை சொல்கிறார்.
அப்புறம் வெறும் காற்றுச் சத்தம், ரொம்ப நேரம்.

என் தாளில் அங்கே பதினான்கு வரி.

அத்தனை களத்திலும்
அவர் செத்த பிறகும்
நான் பேசிக்கொண்டே இருந்திருக்கிறேன்.